குடிசையும் குடியும்

அன்புள்ள ஐயா,

‘குடிசை’ என்பது வடமொழிக் ‘குடீர’த்தின் சிதைவு என்று ஒரு சொற்பொழிவில் கேட்டேன். குட்டையாக இருப்பதால் அது குடிசை என்று பள்ளியில் படித்த நினைவு. எது சரி?

க., மன்னார்குடி

அன்புள்ள க.,

இரண்டும் பொருந்தவில்லை என்றே கருதுகிறேன். விடை உங்கள் ஊர்ப்பெயரின் கடைசியிலேயே இருக்கிறது. மன்னார்குடி, காரைக்குடி ஆகியவற்றில் உள்ள ‘குடி’ மக்கள் நிலைத்து வாழும் இடம். அங்கே வாழும் மக்களுக்கும் அதே பெயர்தான். ‘துடியன் பாணன் பறையன் கடம்பன் என்று, இந்நான் கல்லது குடியும் இல்லை’ என்னும் புறநானூற்று அடிகளில் (335) அது மக்களைக் குறிக்கிறது. குடிபுகுதல், குடித்தனம், குடிக்கூலி என்று நாம் அன்றாடம் சொல்பவற்றில் இருப்பைக் குறிக்கிறது. குடிலும் குடிசையும் இந்த அடியில் கிளைத்தவையே. கன்னடத்தில் குடிசலு, தெலுங்கில் குடிசெ; முதலெழுத்தை மட்டும் ‘கங்கை’யில் ஒலிப்பதுபோல ஒலிக்க வேண்டும். அதே தெலுங்கில் ‘குடி’ என்றால் கோயில். சொல் எங்கெல்லாம் ஏறி இறங்கியிருக்கிறது, பாருங்கள்!

வடமொழியிலும் குடி, குடீரம் உண்டு. வளைவைக் குறிக்கும் ‘குட்’ என்னும் வேரோடு அவற்றைச் சேர்த்து, கொம்புகளை வளைத்துக் கட்டியதால் வந்த பெயர் என்று விளக்கிவிடலாம். ஆனால் குலம், ஊர், குடியிருப்பு என்று தமிழில் தழைத்திருக்கும் கிளைகளுக்கு அந்த வேர் வழிகாட்டுவதில்லை. பரோவும் எமனோவும் தொகுத்த திராவிடச் சொற்பிறப்பியல் அகராதி (1961, திருத்திய பதிப்பு 1984) குடி, குடில், குடிசை ஆகியவற்றை ஒரே பதிவில் வைத்து, வடமொழிச் சொல்லையும் அங்கேயே சுட்டுகிறது. நானும் அந்தக் கட்சிதான்.

இனி, குட்டை. ‘குடி’யில் சிறுமை என்ற பொருளே இல்லை. சிறு வீட்டுக்குச் சங்கப் புலவர்கள் பெரிதும் ஆண்ட சொல் குரம்பை. ‘ஈத்திலை வேய்ந்த எய்ப்புறக் குரம்பை’ என்கிறது பெரும்பாணாற்றுப்படை. அதாவது, ஈந்தின் இலையால் வேய்ந்து, முள்ளம்பன்றியின் முதுகுபோலச் சிலிர்த்து நிற்கும் குடிசை. கூரையின் ஓலை நுனிகள் காய்ந்து விறைத்துக் குத்திட்டு நிற்பதைப் பார்த்தவர்களுக்கு இந்த உவமையை விளக்க வேண்டியதில்லை. அந்த ‘வேய்’தான் இன்று ‘கூரை மேய்வது’ என்று பேச்சில் வழங்குகிறது.

ஏழ்மையின் முத்திரை குடிசைமேல் அழுத்தமாக விழுந்ததில் அரசுத் தமிழுக்கும் பங்குண்டு. 1970இல் குடிசை மாற்று வாரியம் வந்தபின், தகரமும் கல்நாரும் போட்ட நெரிசல் தெருக்கள்கூடக் கோப்புகளில் ‘குடிசைப் பகுதி’ ஆயின. 2021இல்தான் அது நகர்ப்புற வாழ்விட மேம்பாட்டு வாரியம் என்று பெயர் மாறியது. கீற்றுக் கூரையின்கீழ் வாழ்ந்தவர்கள் ‘எங்கள் குடிசை’ என்று சொல்லி நான் அதிகம் கேட்டதில்லை. விசாரித்தால், ‘கூரை வீடுங்க’ என்பார்கள்.