ஆரியங்காவில் திருட்டு, செங்கோட்டையில் புகார்: வாங்க மாட்டேன் என்றால்?

கேள்வி இதுதான்: செங்கோட்டை லாரி, ராத்திரி ஆரியங்காவில் நிறுத்தியிருந்தபோது இரண்டு பேட்டரியும் தார்ப்பாயும் களவு போயிருக்கிறது. ஊர் திரும்பிய டிரைவர் ஸ்டேஷனுக்குப் போனால், "கேரளாவுல நடந்தது, அங்க போய்க் குடுங்க" என்கிறார்கள். புதுச் சட்டத்தில் எங்கே வேண்டுமானாலும் கொடுக்கலாமாமே, நிஜமா?

நிஜம்தான். 2024 ஜூலை 1 முதல் நடப்பில் இருக்கும் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா (பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்துக்குப் பதிலாக வந்தது), பிரிவு 173. கைது செய்யத்தக்க குற்றம் (வாரண்ட் இல்லாமலே போலீஸ் கைது செய்யக்கூடியது) எந்த எல்லையில் நடந்திருந்தாலும் எந்த ஸ்டேஷனிலும் தகவல் கொடுக்கலாம். வாயால் சொல்லலாம், மின்னணு வழியில் அனுப்பினால் மூன்று நாளுக்குள் போய்க் கையெழுத்துப் போட வேண்டும். வாங்கிய ஸ்டேஷன், தன் எல்லையில் நடக்காததற்கும் போடும் பூஜ்ய எப்.ஐ.ஆர். (ஜீரோ எப்.ஐ.ஆர்.) போட்டு அந்தப் பக்கம் அனுப்பும், அங்கே முறையான எண் விழும். 2013-இல், டெல்லி பாலியல் வன்கொடுமையை அடுத்து அமைத்த வர்மா குழுவின் அறிக்கைக்குப் பிறகு சுற்றறிக்கையாக இருந்தது இப்போது சட்டத்திலேயே ஏறிவிட்டது.

ஆனால் அவர்கள் நீட்டுவது பெரும்பாலும் சி.எஸ்.ஆர். ரசீதாக இருக்கும். அது மனு வாங்கியதற்கு அத்தாட்சி, எப்.ஐ.ஆர். அல்ல. இன்சூரன்ஸ்காரர் கேட்பதும் எப்.ஐ.ஆரைத்தான். அதன் நகலை இலவசமாகத் தர வேண்டும். ஜெராக்ஸுக்குக்கூடக் காசு கொடுக்காதீர்கள்.

அடுத்தது பிரிவு. இங்கேதான் கேஸ் பாதி செத்துப்போகிறது. ஸ்டேஷனில் எழுத்து வேலை பார்க்கும் ரைட்டர், பழக்கத்தில் சாதாரணத் திருட்டு, பாரதிய நியாய சன்ஹிதா (பழைய இ.பி.கோ.வின் இடத்தில் வந்தது) 303 என்று எழுதிவிடுவார். அதற்கு மூன்று ஆண்டு வரைதான் தண்டனை. டி.எஸ்.பி. அனுமதியோடு 14 நாள் "முதற்கட்ட விசாரணை" என்று தள்ளிப்போட அது வழி விடுகிறது. இன்னும் மோசம், பழைய பேட்டரிதானே என்று மதிப்பை 5,000 ரூபாய்க்குக் கீழே போட்டால் அது கைது செய்யத்தக்க குற்றமே இல்லை, எப்.ஐ.ஆருக்கே வேலையில்லை. சரக்கு வாகனத்திலிருந்து பொருள் திருடுவதற்குத் தனியாகப் பிரிவு 305 இருக்கிறது. ஏழு ஆண்டு வரை தண்டனை, அந்த 14 நாள் சாக்கும் பொருந்தாது. அதனால் புகாரில் "சரக்கு ஏற்றும் லாரி" என்பதையும், பதிவு எண், பேட்டரியின் சீரியல் எண், வாங்கிய பில் தொகை ஆகியவற்றையும் நீங்களே எழுதிக் கொடுங்கள். பேட்டரி வாங்கிய கடையில் வாரண்டி அட்டையின் நகல் இருக்கும்.

நேரத்தை எழுதும்போது கவனம். "14-ஆம் தேதி ராத்திரி இரண்டு மணி" என்று நாம் சொல்வது காகிதத்தில் 15-ஆம் தேதி. தமிழில் ஒரு தேதி, மலையாளத்தில் ஒரு தேதி என்று ஆகிவிட்டால் புனலூர் கோர்ட்டில் எதிர்த்தரப்பு வக்கீலுக்கு அதுவே போதும். "15-ஆம் தேதி அதிகாலை 02.00" என்று எழுதுங்கள். கேரளப் பக்கம் நீங்கள் வாயால் சொல்லும் புகாரை மலையாளத்தில் எழுதினால், அதைப் படித்துக் காட்டச் சொல்லி, தமிழில் விளக்கக் கேட்டுவிட்டுக் கையெழுத்துப் போடுங்கள். படித்துக் காட்டுவது சட்டப்படி அவர்கள் கடமை. தார்ப்பாய் அங்கே "படுதா" ஆகிவிடும், பதறவேண்டாம். தமிழில் எழுதிய புகாரையும் கூடவே இணைக்கச் சொல்லுங்கள்.

இந்தச் சீர்திருத்தத்தில் எனக்கு ஆகாத இடமும் இந்த மொழி விஷயம்தான். இ.பி.கோ.வின் 511 பிரிவை 358 ஆக்கினார்கள், கொலைக்கு 302 என்று சின்னப் பிள்ளைக்கும் தெரிந்ததை 103 ஆக்கினார்கள், வாயில் நுழையாத பெயர் வைத்தார்கள். எப்.ஐ.ஆர். மொழி எல்லையைத் தாண்டும்போது யார், எத்தனை நாளில் மொழிபெயர்ப்பது என்று 173-இல் ஒரு வரி எழுதத் தோன்றவில்லை. பெயர் மாற்ற ஆள் இருந்தது, மொழிபெயர்க்க ஆள் இல்லை.

சட்டம் இருக்கிறதே என்று செங்கோட்டையிலேயே மல்லுக்கட்டுவதும் எப்போதும் புத்திசாலித்தனம் அல்ல. (போலீசுக்கு வக்காலத்து என்று சிலர் கிளம்புவார்கள், கிளம்பட்டும்.) பார்வை மகஜர் (சம்பவ இடத்தைப் பார்த்துப் போலீஸ் எழுதும் குறிப்பு) எழுத வேண்டிய இடம் அங்கே, சிசிடிவி உள்ள கடையும் அங்கே, பல பதிவுப் பெட்டிகளில் பதினைந்து முப்பது நாளில் பழைய பதிவு அழிந்துவிடும். காகிதம் மலை ஏறி இறங்குவதற்குள் அது போய்விடும். உடம்புக்கு முடிந்தால் மறுநாளே நேரில் போவது நல்லது. பூஜ்ய எப்.ஐ.ஆர். நிஜமாகவே தேவைப்படுவது அடிபட்டவருக்கும், பெண்கள்மீதான வன்முறைக்கும், திரும்பிப் போக முடியாதவருக்கும்.

இரண்டு பக்கமும் வாங்கவில்லையென்றால் எஸ்.பி.க்கு எழுத்தில் அனுப்புங்கள், ஸ்பீட் போஸ்ட் ரசீதைப் பத்திரமாக வையுங்கள். அதற்கும் பதில் இல்லையென்றால் நடுவர் நீதிமன்றம், எஸ்.பி.க்கு அனுப்பியதைச் சொல்லும் பிரமாண வாக்குமூலம் இல்லாமல் போனால் திருப்பி அனுப்பிவிடுவார்கள். பதிவானால் விசாரணை எந்த மட்டில் என்று 90 நாளுக்குள் உங்களுக்குத் தெரிவிக்க வேண்டும். நடுவே அதே சீரியல் எண்ணோடு பேட்டரி தென்காசி காயலான் கடையில் தலைகாட்டினால் உடனே சொல்லுங்கள்: திருட்டுப் பொருள் இருந்த இடத்துக் கோர்ட்டிலும் வழக்கு நடத்தலாம்.