சாட்சி சொல்ல வராதவரின் அறிக்கையை நம்பி இழப்பீட்டைக் குறைக்கலாமா?

கேள்வி: பைக்கில் சென்ற என் தம்பி மீது லாரி மோதி வலது கால் முறிந்தது. இழப்பீடு 12 லட்சம் ரூபாய் என்று கணக்கிட்ட மோட்டார் விபத்து இழப்பீட்டுத் தீர்ப்பாயம், விபத்துக்கு அவனும் பாதிக் காரணம் என்று அதை 6 லட்சமாகக் குறைத்துவிட்டது. காப்பீட்டு நிறுவனத்தின் புலனாய்வாளர் தந்த அறிக்கைதான் இதற்கு ஆதாரம். அதை நாங்கள் பார்த்ததே இல்லை. அவர் சாட்சி சொல்லவும் வரவில்லை. என்ன செய்வது?

பதில்: மேல்முறையீடு செய்யலாம், வலுவான காரணமும் இருப்பதாகத் தெரிகிறது. ஆனால் முதலில் தீர்ப்பின் கடைசிப் பக்கத்தைப் பாருங்கள்.

மோட்டார் வாகனச் சட்டத்தின் 169ஆவது பிரிவு, தீர்ப்பாயம் சுருக்க விசாரணை நடத்த இடம் தருகிறது. உரிமையியல் வழக்கின் கெடுபிடிகள் எல்லாம் இங்கே இல்லை. இதையே சாக்காக வைத்து எதையும் ஏற்கலாம் என்று சில காப்பீட்டுத் தரப்பினர் வாதிடுவதுண்டு. ஆனால் இரு தரப்பையும் கேட்டறிய வாய்ப்பளித்த பிறகே இழப்பீட்டை முடிவு செய்ய வேண்டும் என்று 168ஆவது பிரிவு சொல்கிறது. உங்களுக்கு எதிராகப் பயன்படும் ஆவணத்தைப் பார்க்கவும், அதை எழுதியவரைக் குறுக்கு விசாரணை செய்யவும் வழி இல்லாமல் போனால் அந்த வாய்ப்புக்கு அர்த்தமே இல்லை.

கடைசிப் பக்கத்தில் இரு தரப்புச் சாட்சிகளும் சான்றாவணங்களும் பட்டியலாக இருக்கும். எதிர்மனுதாரர் தரப்பில், அதாவது காப்பீட்டு நிறுவனத்தின் பக்கம், ‘சாட்சிகள்: இல்லை’ என்றிருந்து, அறிக்கை மட்டும் சான்றாவணமாகக் குறியிடப்பட்டிருந்தால் (எண்ணிட்டுப் பதிவில் சேர்க்கப்பட்டிருந்தால்) உங்கள் வாதம் தெளிவு. ஆவணத்தைக் குறியிடுவது வேறு, அதில் உள்ளது உண்மை என்று மெய்ப்பிப்பது வேறு. பட்டியலிலேயே இல்லாத அறிக்கையை நம்பியிருந்தால் பிழை இன்னும் பெரிது. மாறாக, உங்கள் வழக்கறிஞர் ஆட்சேபிக்காமல் ஒப்புக்கொண்டு குறியிட்டிருந்தாலோ, குறுக்கு விசாரணைக்குக் கிடைத்த வாய்தாவைத் தவறவிட்டிருந்தாலோ, ‘வாய்ப்பே தரவில்லை’ என்ற வாதம் எடுபடுவது கடினம். அன்றாட வழக்கு நடவடிக்கைக் குறிப்புகள், சாட்சியங்கள், அந்த அறிக்கை ஆகியவற்றுக்குச் சான்றிட்ட நகல் கேட்டு உடனே மனு செய்யுங்கள். வழக்கறிஞர் வாய்மொழியாகச் சொல்வதை மட்டும் நம்பி இருந்துவிடாதீர்கள்.

இன்னொன்றையும் கவனியுங்கள். தம்பி மீதும் தவறு இருக்கிறது என்று சொல்பவர்தான் அதை நிரூபிக்க வேண்டும். முதல் தகவல் அறிக்கையும் குற்றப்பத்திரிகையும் லாரி ஓட்டுநர் மீது இருந்தும் அவரைச் சாட்சியாக அழைக்காமல் விட்டிருக்கிறார்களா? அப்படியானால் மேல்முறையீட்டில் நான் இதைத்தான் முதல் வாதமாக வைப்பேன். நடைமுறைக் குறை என்று மட்டும் நின்றுவிட்டால், ‘மறுபடி விசாரியுங்கள்’ என்று வழக்கைத் தீர்ப்பாயத்துக்கே திருப்பி அனுப்பிவிடும் வாய்ப்பு அதிகம். காலொடிந்தவருக்கு அது வெற்றி இல்லை, மேலும் சில ஆண்டு அலைச்சல். அறிக்கையை ஒதுக்கிவிட்டு, மீதமுள்ள சாட்சியத்தை வைத்து உயர் நீதிமன்றமே இழப்பீட்டை முடிவு செய்ய வேண்டும் என்று கேளுங்கள். மறுவிசாரணையை மாற்றுக் கோரிக்கையாக மட்டும் வையுங்கள்.

173ஆவது பிரிவின்படி தீர்ப்பு நாளிலிருந்து 90 நாட்களுக்குள் உயர் நீதிமன்றத்தில் மேல்முறையீடு செய்ய வேண்டும். தாமதமானால் தகுந்த காரணம் காட்டி மன்னிப்புக் கோரலாம். பிரச்சினைக்குரிய தொகை ஒரு லட்சத்துக்குக் குறைவாக இருந்தால் மேல்முறையீடு கிடையாது. உங்களுக்கு அந்தத் தடை இல்லை.

நிறுவனம் செலுத்தும் 6 லட்சத்தை வாங்கிக்கொண்டால் உரிமை போய்விடுமோ என்று பலர் பயப்படுகிறார்கள். போகாது. கூடுதல் தொகை கேட்டு மேல்முறையீடு செய்துகொண்டே, தீர்ப்பான தொகையை எடுக்க மனு செய்யலாம். தம்பிக்கு ஊனச் சான்றிதழ் இருந்தால், சட்டப் பணிகள் ஆணைக்குழுச் சட்டத்தின் கீழ் இலவச வழக்கறிஞருக்கும் அவர் விண்ணப்பிக்கலாம்.