பாஹோஃபோண்டோ ஒன்றா, இரண்டா?

டாங்கோ என்ற தென் அமெரிக்க நடன இசையை எலக்ட்ரானிக் இசையோடு கலக்கும் 'பாஹோஃபோண்டோ'வும் 'பாஹோஃபோண்டோ டாங்கோ கிளப்'பும் வேறு வேறு குழுக்களா என்று கேட்டிருந்தீர்கள். இரண்டும் ஒரே குழுதான். நீங்கள் தேடிய 'பாஹோஃபோண்டோ டாங்கோ கிளப்' 2002 ஆல்பத்தின் பெயர், குழுவுக்கும் முதலில் அதே பெயர்தான். பிறகு 'பாஹோஃபோண்டோ' என்று சுருக்கிக்கொண்டார்கள். டாங்கோவோடு மட்டும் நிற்கவில்லையே, மிலோங்கா (டாங்கோவுக்கு நெருக்கமான இன்னொரு நடன இசை), ராக், ஹிப்ஹாப் எல்லாம் கலந்தார்கள்.

2007-இல் வந்த அவர்களின் 'மார் துல்சே' ஆல்பம் உங்கள் பட்டியலில் விடுபட்டதற்கும் இதுவே காரணமாக இருக்கலாம். சுருங்கிய பெயரில் தேடிப் பாருங்கள். இசைக் கலைஞர்களில் அர்ஜென்டினாவின் குஸ்தாவோ சாந்தவோலாயா, உருகுவேயின் ஹுவான் காம்போடோனிகோ, இரண்டு பெயரும் இருந்தால் அதே குழு.

ஒன்று மட்டும்: சாந்தவோலாயா ஆஸ்கர் வாங்கிய 'புரோக்பேக் மவுன்டன்', 'பேபல்' படங்களின் இசையில் இந்த எலக்ட்ரானிக் டாங்கோவை எதிர்பார்க்காதீர்கள். அங்கே பெரும்பாலும் கம்பி வாத்தியங்கள்தான். அப்புறம், இதேபோல் எலக்ட்ரானிக் டாங்கோவுக்குப் பெயர்பெற்ற 'கோட்டான் புராஜெக்ட்' பாரிஸில் உருவானது, வேறு குழு.