பீனிக்ஸ் மென்பொருளில் பழைய நோக்கியாவுக்கு பிளாஷ்: கேள்வி பதில்

கேள்வி: அண்ணா, என் நோக்கியா 5233 லோகோவோடு நின்றுவிடுகிறது. பிளாஷ் போட்டால் எழுந்துவிடுமா?

பதில்: பிளாஷ் என்பது போனின் சாஃப்ட்வேரை மறுபடி எழுதுவது. சாஃப்ட்வேர் கோளாறு என்றால் எழுந்துவிடும். முதலில் பேட்டரியைக் கழற்றி லேபிளைப் பாருங்கள். ஆர்எம்-625 என்ற மாடல் எண்ணும், கூடவே நாடு, மொழி வகையைக் காட்டும் புராடக்ட் கோடும் (எண்ணும் எழுத்தும் கலந்து ஏழு இடம்) இருக்கும். 5230 பார்க்க அச்சு அசல் இதே போன்தான். ஆனால் அதன் ஆர்எம் எண் வேறு, போட வேண்டிய சாஃப்ட்வேர் ஃபைலும் வேறு.

கம்ப்யூட்டரில் நோக்கியாவின் சர்வீஸ் மென்பொருளான பீனிக்ஸைத் திறந்து, 'நோ கனெக்‌ஷன்' வைத்து, ஓப்பன் புராடக்டில் ஆர்எம்-625ஐத் தேர்ந்தெடுங்கள். ஃபர்ம்வேர் அப்டேட்டுக்குள் போய் உங்கள் கோடைக் கொடுத்து, 'டெட் போன் யூஎஸ்பி பிளாஷிங்' கட்டத்தை டிக் செய்து, ரிஃபர்பிஷை அழுத்துங்கள். பீனிக்ஸ் கேட்கும்போது போனின் பவர் பட்டனை லேசாகத் தட்டினால் போதும். உடனே போனின் திரை இருண்டுவிடும். விண்டோஸ் போனைப் புது சாதனமாக நினைத்து டிரைவர் தேடும். பலர் பயந்து கேபிளைப் பிடுங்குவது இந்த இடத்தில்தான். தயவுசெய்து கை வைக்காதீர்கள், டிரைவர் ஏறியதும் வேலை தானே தொடரும். பேட்டரி முழு சார்ஜில் இருக்கட்டும்.

கேள்வி: போட்டோ, நம்பர் எல்லாம் போய்விடுமா?

பதில்: ரிஃபர்பிஷ் செய்தால் போன் மெமரியில் உள்ளது மொத்தமும் அழியும். சிம்மையும் மெமரி கார்டையும் முன்பே கழற்றி வையுங்கள்.

கேள்வி: பாதியில் கரண்ட் போய்விட்டது. போன் செத்துவிட்டதா சார்?

பதில்: இல்லை. சிப்புக்குள் இருக்கும் துவக்க நிரல் அழியாது. அதே டெட் முறையில் மறுபடி போடுங்கள்.

கேள்வி: துபாய் போன், அரபியும் ஆங்கிலமும்தான் வருகிறது. தமிழ் வருமா?

பதில்: மொழிகள் புராடக்ட் கோடைப் பொறுத்தவை. அதே ஆர்எம் எண்ணில் இந்தியக் கோடு ஒன்றைத் தேர்ந்தெடுத்து, அதன் மொழிப் பட்டியலில் தமிழ் இருந்தால் போடுங்கள். பட்டனில் அச்சிட்ட அரபி எழுத்து அப்படியேதான் இருக்கும்.

கேள்வி: நண்பர் தன் போனின் பிஎம் ஃபைலைத் தருகிறார். எழுதலாமா?

பதில்: வேண்டவே வேண்டாம். பிஎம் என்பது போனின் நிரந்தர நினைவகப் பகுதி. ஒவ்வொரு போனுக்கும் தொழிற்சாலையில் தனித்தனியாக அளந்து வைத்த ரேடியோ, பேட்டரி அளவுகள் அதில் இருக்கின்றன. உங்கள் பிஎம்மை முதலில் சேமித்து வையுங்கள். கெட்டால் அதுதான் காப்பாற்றும்.

கேள்வி: ஒரே கம்பெனி சிம்மை மட்டும் ஏற்கும் நெட்வொர்க் லாக், பிளாஷ் போட்டால் போகுமா?

பதில்: போகாது.

கேள்வி: நோக்கியா 1100க்கு யூஎஸ்பியே இல்லையே, எப்படி பிளாஷ் போடுவது?

பதில்: பேட்டரிக்கு அடியில் சின்ன தங்க நிறப் புள்ளிகள் தெரிகின்றனவே, வழி அதுதான். அந்தப் புள்ளிகளில் இணைக்கும் எஃப்பஸ் கேபிளும், பிளாஷ் போடும் கருவியான பிளாஷர் பாக்ஸும் வேண்டும், சர்வீஸ் கடையில் கொடுங்கள்.