ஆக்‌ஷன் ஆர்பிஜி கேம்களில் சாக்கெட் எப்படி வேலை செய்கிறது? கிடைத்த கல்லை உடனே பதித்துவிடலாமா?

கேள்வி கேட்டவரின் நிலைமை எனக்கு நன்றாகவே புரிகிறது. வாளிலும் கவசத்திலும் சாக்கெட், அதாவது கல் பதிக்கும் ஓட்டை, இருக்கிறது, பெட்டி நிறையக் கல்லும் ரூனும் (எழுத்து பொறித்த கல்) சேர்ந்துவிட்டன, ஆனால் பதித்தால் வீணாகிவிடுமோ என்று கை வரமாட்டேன் என்கிறது. நானும் பல வருடம் பூதம் புதையலைக் காத்த மாதிரி கல்லைக் காத்தவன்தான். கடைசி பாஸையும் கொன்றுவிட்டுப் பெட்டியைத் திறந்தால் ஒரு கல்கூடக் குறையாமல் இருக்கும்.

முதலில் சாக்கெட் என்ன செய்கிறது என்று பார்த்துவிடலாம். எதிரிகளை அடித்து வீழ்த்திப் பொருள் சேர்க்கும் இந்த வகைக் கேம்களில் ஒரு பொருள் கீழே விழும்போது அதில் என்னென்ன ஸ்டாட் (டேமேஜ், உயிர், எதிர்ப்பு மாதிரியான எண்கள்) வர வேண்டும் என்பதைக் கேமே குலுக்கிப் போட்டு முடிவு செய்துவிடுகிறது. அதில் உங்களுக்கு எந்த வேலையும் இல்லை. சாக்கெட்டை மட்டும் காலியாக உங்கள் கையில் விட்டுவிடுகிறது. நெருப்பு எதிர்ப்பு போதவில்லையா, அதற்கான கல்லைப் போடுங்கள். உயிர் போதவில்லையா, வேறு கல். குலுக்கலில் விழாமல் போனதை நாமே ஈடுகட்டிக்கொள்ள ஒரு வழி, அவ்வளவுதான்.

இதுவரை பெரும்பாலான கேம்கள் ஒன்றுதான். வித்தியாசம் எங்கே வருகிறது என்றால், பதித்ததைத் திரும்ப எடுக்க முடியுமா, எடுத்தால் எது அழியும் என்பதில். புதிதாக எந்தக் கேமைத் தொடங்கினாலும் நான் முதலில் தெரிந்துகொள்ளப் பார்ப்பது இதைத்தான். இது தெரிந்துவிட்டால் பதிக்கலாமா, காத்திருக்கலாமா என்ற கேள்விக்குப் பாதிப் பதில் கிடைத்த மாதிரி.

இதில் ரொம்பக் கறாரான கேம் 2000இல் வந்த டியாப்லோ 2. அதில் கல் ஏழு வகை, ஒவ்வொன்றிலும் சிப்டு முதல் பெர்ஃபெக்ட் வரை ஐந்து தரம். ஒரே கல் எதில் பதிக்கிறோம் என்பதைப் பொறுத்து வேறு வேலை செய்யும். பெர்ஃபெக்ட் ரூபியை ஆயுதத்தில் வைத்தால் 15 முதல் 20 வரை நெருப்பு டேமேஜ், கவசத்திலோ தலைக்கவசத்திலோ வைத்தால் 38 உயிர், கேடயத்தில் வைத்தால் 40% நெருப்பு எதிர்ப்பு. ஆயுதத்தில் சுமாராக இருக்கும் கல் கேடயத்தில் உயிரைக் காப்பாற்றும். பெர்ஃபெக்ட் டோபாஸைக் கவசத்தில் வைத்தால் நல்ல பொருள் விழும் வாய்ப்பு 24% கூடும். நான்கு சாக்கெட் உள்ள கவசத்தில் நான்கையும் வைத்தால் 96%. (ஆனால் அந்தக் கவசம் அதைத் தவிர வேறு எதையுமே தராது. பொருள் பொறுக்கும் ஆசையில் அதைப் போட்டுக்கொண்டு போய், பொறுக்கியதை விடச் செத்ததுதான் அதிகம் என்ற நாட்களும் எனக்கு உண்டு.)

ஒரே வகையில், ஒரே தரத்தில் மூன்று கல்லை ஹோராட்ரிக் கியூப் என்ற மாயப் பெட்டியில் போட்டால் அடுத்த தரத்தில் ஒரு கல் கிடைக்கும். கணக்கைப் போட்டுப் பாருங்கள்: சிப்டிலிருந்து பெர்ஃபெக்டுக்கு நான்கு படி, மூன்றை நான்கு முறை பெருக்கினால் 81. நீங்கள் பத்திரப்படுத்தி வைத்திருக்கும் அந்த ஒரு சிப்டு ரூபி, பெர்ஃபெக்ட் ரூபியில் 81இல் ஒரு பங்கு. அதைப் பதுக்கி வைத்து என்ன செய்யப் போகிறோம்? ஆரம்ப லெவல்களில் அகப்பட்ட கல்லை அகப்பட்ட ஓட்டையில் பதித்துவிட்டுப் போய்க்கொண்டே இருக்கலாம். இரண்டு மணி நேரத்தில் அந்த வாளே மாறிவிடும்.

2001இல் டியாப்லோ 2இன் விரிவாக்கமான லார்ட் ஆஃப் டிஸ்ட்ரக்‌ஷன் வந்தபோது ரூன்கள் வந்தன. எல் தொடங்கி ஸாட் வரை மொத்தம் 33. தனியாகப் பதித்தாலும் சிறு பலன் உண்டு. ஆனால் குறிப்பிட்ட ரூன்களைக் குறிப்பிட்ட வரிசையில் பதித்தால் பொருளின் பெயரே மாறி, ஸ்டாட் எல்லாம் வேறு மாதிரி ஆகிவிடும். இதுதான் ரூன்வேர்டு. நிபந்தனைகள் கடுமை. பொருள் மேஜிக், ரேர் (பெயர் மஞ்சளில் தெரியும்) போன்ற உயர் ரகம் எதுவுமாக இருக்கக் கூடாது, பெயர் சாம்பல் நிறத்தில் தெரியும் சாதாரணப் பொருளாக இருக்க வேண்டும். சாக்கெட் எண்ணிக்கை சரியாக அத்தனையே இருக்க வேண்டும், ஒன்று கூடினாலும் வேலை செய்யாது. புதியவர்கள் மஞ்சள் பெயரை எடுத்துக்கொண்டு சாம்பல் பெயரைத் தரையிலேயே விட்டுவிட்டுப் போவார்கள். பழகியவர்கள் நேர் எதிர்.

இதில் நான் செய்த கூத்து ஒன்றைச் சொல்கிறேன். ஸ்பிரிட் என்று ஒரு ரூன்வேர்டு, நான்கு சாக்கெட் வாளிலோ கேடயத்திலோ செய்யலாம். எல்லா ஸ்கில்லுக்கும் 2 கூடும், மந்திரம் போடும் வேகம் 25 முதல் 35% கூடும், மந்திரவாதிக்கு அதைவிடச் சல்லிசாக நல்ல ஆயுதம் கிடைக்காது. வேண்டிய ரூன்கள் டால், தூல், ஓர்ட், ஆம்ன். பல நாள் அலைந்து நான்கும் சேர்த்தேன். நான்கு ஓட்டை வாளும் கிடைத்தது. ரூன்களின் வரிசை எண் 7, 9, 10, 11 என்று மனதில் பதிந்திருந்ததால், பெட்டியில் அடுக்கியிருந்தபடியே ஏறுவரிசையில் டால், ஓர்ட், தூல், ஆம்ன் என்று பதித்துவிட்டேன். கடைசி ரூன் உள்ளே போனதும் பெயர் பொன்னிறத்துக்கு மாற வேண்டும். மாறவில்லை. சாம்பல் நிறத்திலேயே நின்றது. சரியான வரிசை 7, 10, 9, 11. நடுவில் இரண்டு இடம் மாறியதற்கு நான்கு ரூனும் போச்சு.

வாளையாவது காப்பாற்றலாம். ஹெல் ரூன் ஒன்று, டவுன் போர்ட்டல் ஸ்க்ரோல் ஒன்று, அந்த வாள், மூன்றையும் கியூபில் போட்டால் சாக்கெட் காலியாகும். உள்ளே இருந்த ரூன்கள் திரும்பாது, அழிந்துவிடும். அந்த ஹெல்லே 15ஆவது ரூன், நான் வீணடித்த நான்கையும் விட அரிதானது. அதைச் செலவழித்து வாளைக் காப்பாற்றுவதை விட வேறு வாள் தேடுவதே மேல் என்று விட்டுவிட்டேன்.

ஒரு பொருளுக்கு எத்தனை சாக்கெட் வரும் என்பதற்கும் கணக்கு உண்டு. பொருளின் வகை ஓர் உச்சவரம்பு வைக்கிறது, அது எந்த லெவலில் விழுந்தது என்பது இன்னொன்று. கிரிஸ்டல் சோர்டு என்ற வாள் நல்ல உதாரணம். பொருள் லெவல் 26 முதல் 40 வரை இருந்தால் உச்சம் 4 சாக்கெட், 40ஐத் தாண்டினால் 6. ஐந்தாம் ஆக்டில், அதாவது கதையின் ஐந்தாம் பகுதியில், லார்ஸுக் என்ற கொல்லன் குவெஸ்டை (கொடுத்த வேலையை) முடித்ததற்குப் பரிசாகச் சாக்கெட் போட்டுத் தருவான், சாதாரணப் பொருளுக்கு எப்போதும் உச்ச எண்ணிக்கைதான் போடுவான். ஆக ஸ்பிரிட் செய்ய ஆசைப்பட்டு, கடினமான இடத்தில் விழுந்த "நல்ல" கிரிஸ்டல் சோர்டை அவனிடம் கொடுத்தால் ஆறு ஓட்டையோடு திரும்பி வரும், ஸ்பிரிட்டுக்கு உதவாது. தாழ்ந்த லெவலில் விழுந்த வாளே இங்கே உசத்தி. கியூபில் சாக்கெட் போடும் முறை வேறு. 1 முதல் 6 வரை ஓர் எண் விழும், உச்சத்தைத் தாண்டினால் உச்சத்தில் நிற்கும். எனவே உச்சம் 4 உள்ள வாளுக்கு 4, 5, 6 எது விழுந்தாலும் நான்குதான், சரிபாதி வாய்ப்பு. உச்சம் 6 உள்ள வாளில் நான்கு கிடைக்க ஆறில் ஒரு வாய்ப்பு மட்டும்.

அப்புறம் பாத் ஆஃப் எக்ஸைல். 2013இல் வந்த இந்தக் கேம் சாக்கெட்டைத் தலைகீழாகத் திருப்பிப் போட்டது. இதில் கல் பதித்தால் ஸ்டாட் கூடுவதில்லை, கல்தான் ஸ்கில்லே. நெருப்புப் பந்து வீச வேண்டும் என்றால் அந்த ஜெம் (கல்) உங்கள் கியரில் (அணிந்திருக்கும் பொருள்களில்) எங்காவது இருக்க வேண்டும். கழற்றினால் ஸ்கில்லும் போய்விடும். நல்லவேளை, கழற்றுவதற்குக் காசும் இல்லை, சேதமும் இல்லை.

சிக்கல் வேறிடத்தில் இருக்கிறது. ஸ்கில் ஜெம்முக்குத் துணையாக சப்போர்ட் ஜெம் உண்டு. இரண்டு சாக்கெட்டுக்கு நடுவே லிங்க் இருந்தால்தான் துணை வேலை செய்யும், பக்கத்தில் இருந்தால் மட்டும் போதாது. உடல் கவசத்திலும் இரு கை ஆயுதத்திலும் அதிகபட்சம் ஆறு சாக்கெட். ஆறும் லிங்க் ஆனால் ஒரு ஸ்கில், ஐந்து சப்போர்ட். இந்த சப்போர்ட்கள் பெரும்பாலும் கூட்டல் இல்லை, பெருக்கல். ஒவ்வொன்றும் 30% டேமேஜ் ஏற்றுகிறது என்று வைத்துக்கொண்டால், ஐந்தும் சேர்ந்து 150% இல்லை, 1.3ஐ ஐந்து முறை பெருக்கி ஏறத்தாழ 3.7 மடங்கு. நான்கு லிங்க்கில் மூன்று சப்போர்ட்தான், 2.2 மடங்கோடு நிற்கும். ஆறு லிங்க் என்றால் ஏன் ஆள் ஆளுக்குப் பித்துப் பிடித்து அலைகிறார்கள் என்பது இதில் தெரியும்.

சாக்கெட் எண்ணிக்கையை மாற்ற ஜுவெல்லர்ஸ் ஆர்ப், லிங்க்கை மாற்ற ஆர்ப் ஆஃப் ஃப்யூசிங், நிறத்தை மாற்ற குரோமேட்டிக் ஆர்ப். மூன்றும் பயன்படுத்தினால் தீர்ந்துபோகும் பொருள்கள், மூன்றுமே குலுக்கல். நிறம் எதற்கு என்றால், சிவப்பு ஜெம் சிவப்பு சாக்கெட்டில்தான் போகும். சிவப்பு வலிமைக்கு, பச்சை சுறுசுறுப்புக்கு, நீலம் அறிவுக்கு. கவசம் எந்தக் குணத்தைக் கேட்கிறதோ அந்த நிறம் அதிகம் விழும். கனமான இரும்புக் கவசத்தில் நீலம் நீலமாக வேண்டும் என்று குரோமேட்டிக்கைத் தட்டிக்கொண்டிருந்தால் விடிந்துவிடும். நான் தட்டியிருக்கிறேன். ஐந்து நீலம், ஒரு சிவப்பு என்று வந்தபோது நிறுத்தியிருக்க வேண்டும். "இன்னும் ஒரு தடவை" என்று தட்டினேன், நான்கு சிவப்பு வந்தது. ஃப்யூசிங் விஷயத்தில் குலுக்கலை நம்பாதவர்களுக்குக் கிராஃப்டிங் பெஞ்ச் என்ற பட்டறை மேசையில் உறுதியான வழி உண்டு, 1500 ஃப்யூசிங் கொடுத்தால் ஆறு லிங்க் நிச்சயம். எனக்குக் குலுக்கல் ராசி கிடையாது, நான் சேர்த்து வைத்துப் பெஞ்சுக்குப் போகிற ஜாதி.

லிங்க் என்ற யோசனை புதிதல்ல. 1997இன் ஃபைனல் ஃபேன்டஸி 7இல் மட்டீரியா என்ற கற்களை ஆயுதத்தின் இணைந்த துளைகளில் வைப்பதும் கிட்டத்தட்ட இதே கதைதான்.

இந்த முறையில் எனக்கு ஒரு குறை உண்டு. ஆறு லிங்க் கவசம் ஒன்று அமைந்துவிட்டால் அதைவிட நல்ல கவசம் விழுந்தாலும் மாற மனம் வராது, புதியதில் லிங்க் இருக்காதே. கீழே விழும் பொருளை ஆசையோடு எடுத்துப் பார்ப்பதுதான் இந்தக் கேம்களின் சுகம். அந்தச் சுகத்தையே சாக்கெட் கெடுத்துவிடுகிறது. 2024 டிசம்பரில் முன்னோட்டமாக வெளியான பாத் ஆஃப் எக்ஸைல் 2 ஸ்கில் ஜெம்களைக் கியரிலிருந்து எடுத்துத் தனித் திரைக்குக் கொண்டுபோய்விட்டது. கியரில் இருக்கும் சாக்கெட் இப்போது ரூன் மாதிரியான சிறு ஸ்டாட்களுக்கு. எனக்கு இது பிடித்திருக்கிறது, பழைய கை ஆட்களில் பலர் முணுமுணுக்கிறார்கள்.

மற்றவற்றைச் சுருக்கமாகச் சொல்கிறேன். டியாப்லோ 3இல் கொஞ்சம் தங்கம் கொடுத்தால் கல் சேதமில்லாமல் கைக்கு வரும், ஆகவே பயமே வேண்டாம். ஆனால் அங்கே வேறொரு நோய். ஆயுதத்தில் உச்சத் தர எமரால்டு வைத்தால் கிரிட்டிகல் டேமேஜ் (எப்போதாவது விழும் பலத்த அடியின் சேதம்) 130% கூடும், அதற்குப் பக்கத்தில் வேறு கல் நிற்கவே முடியாது. சாக்கெட் இல்லாத ஆயுதம் பெரும்பாலும் குப்பைக்குப் போகும். எல்லோரும் ஒரே கல்லைத்தான் வைக்கப் போகிறார்கள் என்றால் தேர்ந்தெடுக்க அங்கே என்ன இருக்கிறது? மான்ஸ்டர் ஹன்டர் வேர்ல்டில் அலங்காரக் கற்களுக்கு அளவு உண்டு, சின்னக் கல் பெரிய துளையில் போகும், பெரியது சின்னதில் போகாது. இஷ்டம் போலக் கழற்றி மாட்டலாம். கிரிம் டானில் சாக்கெட் என்று தனியாக இல்லை, காம்போனென்ட் என்பதைப் பொருளோடு ஒட்டிவிடுகிறோம். பிரிக்கப் போனால் இரண்டில் ஒன்று உங்களுக்கு, மற்றது அழியும். எது வேண்டும் என்று நீங்கள்தான் சொல்ல வேண்டும். எனக்குப் பிடித்த ஏற்பாடு இதுதான். தப்புக்குத் தண்டனை உண்டு, ஆனால் எல்லாமே பறிபோவதில்லை.

சரி, உங்கள் கேள்விக்கு வருகிறேன். கழற்ற முடிகிற கேம் என்றால் இப்போதே பதியுங்கள், பெட்டியில் இருக்கும் கல் ஒரு அடிகூடத் தாங்காது. கழற்ற முடியாத கேமில், மறுபடி சுலபமாகக் கிடைக்கும் கல்லை யோசிக்காமல் பதியுங்கள், அரிதானதை மட்டும் நிறுத்தி வையுங்கள். எங்கே பதிப்பது என்று குழப்பம் வந்தால் டேமேஜை விட எதிர்ப்பைப் பாருங்கள். டியாப்லோ 2இல் நைட்மேர் என்ற கடின நிலையில் எல்லா எதிர்ப்பும் 40 குறையும், அதற்கும் மேலான ஹெல் நிலையில் 100 குறையும். கேடயத்தில் ஒரு பெர்ஃபெக்ட் டயமண்ட் எல்லா எதிர்ப்பையும் 19% ஏற்றும், மூன்று வைத்தால் 57. நன்றாக அடித்துக்கொண்டிருந்த ஆள் ஹெல் வந்ததும் இரண்டு மின்னலில் சாய்கிறான் என்றால் பெரும்பாலும் இந்தக் கணக்கைப் பார்க்காமல் விட்டதுதான் காரணம்.

ரூன்வேர்டு செய்யப் போகிறீர்கள் என்றால், வரிசையை ஒரு தாளில் எழுதி, பெட்டியிலும் ரூன்களை அதே வரிசையில் இடமிருந்து வலமாக அடுக்கிவிட்டு, அப்புறம் முதல் ரூனைத் தொடுங்கள். நான் இப்போதும் அப்படித்தான் செய்கிறேன், டால் பதித்ததும் தாளில் டாலை அடித்துவிட்டுத்தான் தூலை எடுக்கிறேன்.