வழக்கு தள்ளுபடியாகிவிட்டதா? வாசகர் கேள்விகளுக்குப் பதில்

வெள்ளவத்தையிலிருந்து: கடன் வாங்கியவர் திருப்பித் தராததால் மாவட்ட நீதிமன்றத்தில் வழக்குப் போட்டேன். வழக்கை விசாரிக்கக் குறித்த விளக்கத் தவணையன்று டெங்குவோடு ஆஸ்பத்திரியில் இருந்தேன். சட்டத்தரணியும் போகவில்லை. வழக்கைத் தள்ளிவிட்டார்கள். புதிதாக ஒன்று போடலாமா ஐயா?

போட முடியாது. விளக்கத் தினத்தில் வழக்காளி தோன்றாவிட்டால் குடியியல் நடவடிக்கைமுறைக் கோவையின் 87ஆம் பிரிவின்படி வழக்கு தள்ளுபடியாகும். அதே விடயத்துக்கு இன்னொரு வழக்கும் போட முடியாது. ஆனால் பழைய வழக்கையே எழுப்பலாம். அதே நீதிமன்றத்துக்கு மனுவும் சத்தியக்கடதாசியும் கொடுங்கள். ஆஸ்பத்திரி தந்த டயக்னோசிஸ் காட்டைக் கட்டாயம் இணையுங்கள்.

இதற்கு 14 நாள்தான் அவகாசம் என்று யாராவது சொன்னால் குழம்பாதீர்கள். அது, தான் இல்லாமலே தீர்க்கப்பட்ட வழக்கில் தீர்ப்பாணை கையில் கிடைத்த எதிராளிக்கு. உங்களுக்குச் சட்டம் சொல்வது 'நியாயமான காலம்'. நாள் கணக்கு இல்லை என்பதற்காக ஆறப்போடாதீர்கள். தாமதித்த ஒவ்வொரு வாரத்துக்கும் காரணம் கேட்பார்கள். சட்டத்தரணி ஏன் வரவில்லை என்பதையும் எழுதுங்கள். பலர் கோட்டை விடுவது அங்கேதான். எதிராளிக்கு அறிவித்தல் போய், விசாரணை நடக்கும். நீதிபதி ஏற்றுக்கொண்டால் வழக்கு நின்ற இடத்திலிருந்தே தொடரும். செலவு கட்டச் சொல்லலாம். மறுத்தால் காரணங்களை எழுதியே மறுக்க வேண்டும். அந்தக் கட்டளைக்கு எதிராக மேன்முறையீடு செய்யலாம்.

கொட்டாஞ்சேனையிலிருந்து: ஒன்றரை வருசமாகத் தவணையே இல்லை. இப்போது வழக்கு அற்றுப்போய்விட்டது என்கிறார்கள். எப்படி?

இது அதே குடியியல் நடவடிக்கைமுறைக் கோவையின் 402ஆம் பிரிவு. கடைசிப் பதிவுக்குப் பின் 12 மாதத்துக்கு மேல், வழக்காளி எடுக்க வேண்டிய நடவடிக்கை எதையும் எடுக்காவிட்டால், வழக்கு அற்றுப்போனதாக நீதிமன்றம் கட்டளையிடலாம். இங்கே முக்கியம் 'எடுக்க வேண்டிய' என்ற சொல். கொழும்பு நீதிமன்றங்கள் இருக்கும் புதுக்கடைக்குப் போய், பதிவகத்தில் உங்கள் வழக்கேட்டை எடுப்பித்துக் கடைசி வரியைப் பாருங்கள். 'எதிராளி அந்த முகவரியில் இல்லை' என்று அழைப்பாணை திரும்பியிருந்தால், புது முகவரி கொடுக்க வேண்டியவர் நீங்கள். தவணை போட வேண்டிய பொறுப்பு நீதிமன்றத்திடம் இருந்திருந்தால், அந்தத் தாமதத்தை உங்கள் தலையில் கட்ட முடியாது. இந்த ஒரு வரியில்தான் உங்கள் மனுவின் உயிர் இருக்கிறது. தொடர முடியாமற்போனதற்குப் போதிய காரணத்தை நிரூபித்தால் 403இன் கீழ் அந்தக் கட்டளையை நீக்கலாம். இங்கும் நியாயமான காலத்துக்குள்தான்.

என்னிடம் வரும் பலர் வழக்கிலக்கத்தைக்கூட எழுதி வைத்திருப்பதில்லை. தயவுசெய்து எழுதி வையுங்கள். சட்டத்தரணி வைக்கக் கையில் காசில்லையென்றால் புதுக்கடையிலேயே சட்ட உதவி ஆணைக்குழு இருக்கிறது, போய்க் கேளுங்கள்.

தெகிவளையிலிருந்து: அண்ணா போட்ட காணிப் பங்கு வழக்கு. அவர் வெளிநாடு போய்விட்டார். நான் எதிராளி. வழக்கு செத்துவிடுமா?

அற்றுப்போகாது, 1977ஆம் ஆண்டின் 21ஆம் இலக்கப் பாகப்பிரிவினைச் சட்டம் அதைத் தடுக்கிறது. ஆனால் நீதிமன்றம் முடுக்கிய பிறகும் ஒருவரும் அசையாவிட்டால் தள்ளுபடி செய்யலாம். அதற்கு முன் நீங்களே வழக்காளியாகி நடத்த அனுமதி கேளுங்கள். சட்டத்தில் இடமிருக்கிறது.

வத்தளையிலிருந்து: வழக்கு நடக்கும்போதே எங்கள் சட்டத்தரணி காலமாகிவிட்டார்.

குடியியல் நடவடிக்கைமுறைக் கோவையின் 28ஆம் பிரிவின்படி, வேறொருவரை நியமிக்கும்படி உங்களுக்கு அறிவித்தல் தந்து 30 நாள் கழியும்வரை உங்களுக்கு எதிராக வழக்கை நகர்த்தக் கூடாது. அறிவித்தல் வரட்டும் என்று காத்திராமல், அவருடைய அலுவலகத்திலிருந்து உங்கள் பைலை வாங்கி, புதிய சட்டத்தரணியின் புரொக்சியை (நியமனப் பத்திரத்தை) அடுத்த தவணைக்கு முன்பே பதிவகத்தில் போட்டுவிடுங்கள்.