வார்சாவின் பட்டினி ஆய்வு – கடிதமும் பதிலும்

அன்புள்ள டாக்டர்,

யூத இன அழிப்புக் கால மருத்துவர்களைப் பற்றி ஆராய்ந்த கனடிய மருத்துவர், மருத்துவ வரலாற்றாசிரியர் சார்லஸ் ரோலண்ட் குறித்த உங்கள் கட்டுரையைப் படித்தேன். அதில் வார்சா கெட்டோவில், அதாவது போலந்துத் தலைநகரில் யூதர்களை நாஜிகள் சுவருக்குள் அடைத்துவைத்த பகுதியில், அங்கே சிக்கிய யூத டாக்டர்களே பட்டினி உடலை என்ன செய்கிறது என்று நடத்திய ஆய்வு பற்றிய பகுதி என்னைத் தொந்தரவு செய்துகொண்டே இருக்கிறது. நான் இப்போது ஹவுஸ் சர்ஜன். சாகக் கிடக்கும் குழந்தையிடம் ரத்தம் எடுத்துச் சோதிப்பது மருத்துவமா? நாஜி டாக்டர்கள் முகாம்களில் செய்ததற்கும் இதற்கும் என்ன வித்தியாசம்?

செந்தில், மதுரை

அன்புள்ள செந்தில்,

பெரிய வித்தியாசம் இருக்கிறது. ஆனாலும் உங்கள் உறுத்தல் நியாயமானது.

பட்டினி போட்டது யார்? 1940 நவம்பரில் ஜெர்மன் நிர்வாகம் கெட்டோவை அடைத்தபோது உள்ளே சிக்கியவர்கள் நான்கு லட்சத்துக்கும் மேல். 1941-ல் ரேஷனில் ஓர் ஆளுக்குக் கிடைத்தது நாளொன்றுக்கு 200 கலோரிகூட இல்லை. சுவரைத் தாண்டிக் கடத்திவந்த உணவுதான் மிச்சப் பேரை உயிரோடு வைத்தது. அந்தப் பட்டினியை டாக்டர்கள் உண்டாக்கவில்லை, அதற்குள்தான் அவர்களும் கிடந்தார்கள். 1942-ல் ஜெர்மனியின் டாக்காவ் வதைமுகாமில் நாஜி டாக்டர் சிக்மண்ட் ராஷர் கைதிகளைப் பனிக்கட்டித் தண்ணீரில் இறக்கி, அவர்கள் உடல் விறைப்பதை அளந்துகொண்டிருந்தான். அவன் ஆய்வுக்காகத் துன்பத்தை உண்டாக்கினான். இரண்டையும் ஒரே தட்டில் வைக்க என்னால் முடியாது.

1942 பிப்ரவரியில் இஸ்ரேல் மிலெய்கோவ்ஸ்கி தலைமையில் 28 மருத்துவர்கள் ஆய்வைத் தொடங்கினார்கள். கருவிகள் கள்ளத்தனமாக உள்ளே வந்தன. டைஃபஸ், காசநோய் என வேறு நோய் எதுவும் கலக்காமல், வெறும் பட்டினியால் மட்டும் வாடியவர்களையே தேர்ந்தெடுத்தார்கள். அந்த அறிக்கையில் ஒரு நோயாளி: 30 வயதுப் பெண், உயரம் 152 செ.மீ., எடை 24 கிலோ. வரலாறு மட்டும் படித்தவருக்கு இது ஓர் எண். வார்டில் நின்ற உங்களுக்கு அந்தக் கையில் நரம்பு தேடுவது எப்படியிருக்கும் என்று தெரியும். ரோலண்டின் எழுத்துக்குக் கனம் தருவது இதுதான். குளிர்ந்துபோன தோல், இறங்கிய ரத்த அழுத்தம், மெதுவாகிவிட்ட நாடி, வீங்கிய கால் எல்லாவற்றையும் அவர் டாக்டராகவும் படிக்கிறார்.

சரி, அந்தக் குழந்தைக்கு ஊசி குத்தியதால் என்ன பயன்? ஒன்றுமில்லை. அந்த நோய்க்கு மருந்தே சோறுதான், அது அவர்களிடம் இல்லை. இன்றைய விதிகளின்படி அந்த ஆய்வுக்கு அனுமதி கிடைக்காது. இதில் அவர்களுக்காக நான் வக்காலத்து வாங்கப் போவதில்லை. ஆனால் ஆய்வுக்காக யாரிடமும் ஒரு கவளத்தைக்கூட அவர்கள் பிடுங்கவில்லை. எதுவும் செய்ய வழியில்லாத இடத்தில், இங்கே என்ன நடந்தது என்று மருத்துவத்தின் மொழியில் சாட்சி எழுதிவைத்தார்கள். அதை நான் மருத்துவம் என்றுதான் சொல்வேன்.

1944-45-ல் அமெரிக்காவில் மினசோட்டா பல்கலைக்கழகத்திலும் ஒரு பட்டினி ஆய்வு நடந்தது. அதில் 36 பேர், எல்லோரும் தாமாக முன்வந்தவர்கள். அரைப்பட்டினிக் காலத்திலும் தினம் 1,500 கலோரிக்கு மேல் சாப்பிட்டார்கள், பிறகு உணவூட்டித் தேற்றப்பட்டார்கள். வார்சா ஆய்வு காட்டிய எல்லைவரை அது போகவே முடியாது, போகவும் கூடாது.

1942 ஜூலை 22-ம் தேதி ட்ரெப்ளிங்கா கொலைமுகாமுக்கு ஜெர்மானியர் கெட்டோவிலிருந்து ஆட்களை ஏற்றத் தொடங்கினார்கள். ஆய்வு நின்றது. செப்டம்பருக்குள் இரண்டரை லட்சம் பேருக்கு மேல் கொண்டுபோகப்பட்டார்கள். மிலெய்கோவ்ஸ்கி அந்த அக்டோபரில் முன்னுரையை எழுதி முடித்தார், அடுத்த ஜனவரியில் இறந்தார். கையெழுத்துப் பிரதி சுவருக்கு வெளியே பேராசிரியர் விட்டோல்ட் ஓர்வோவ்ஸ்கியிடம் போய்ச் சேர்ந்ததால் தப்பியது. 1946-ல் பிரெஞ்சில் அச்சானது. எழுதியவர்களில் பெரும்பாலோர் அப்போது உயிரோடு இல்லை.

அப்புறம், உங்களைப் போன்ற மாணவர்களும் அந்தக் கெட்டோவில் இருந்தார்கள். தொற்றுநோய்த் தடுப்புப் பயிற்சி என்று சொல்லி ஜெர்மானியரிடம் அனுமதி வாங்கி, 1941-ல் ஒரு மருத்துவக் கல்லூரியையே ரகசியமாக நடத்தினார்கள். ரத்த வகை ஆய்வில் உலகப்புகழ் பெற்ற லுட்விக் ஹிர்ஷ்ஃபெல்ட் அங்கே பாடம் எடுத்தார். ரோலண்ட் 1989-ல் இதைப் பற்றித் தனிக் கட்டுரை எழுதியிருக்கிறார். பட்டினி ஆய்வைப் படித்த கையோடு அதையும் படித்துவிட்டு எழுதுங்கள்.